காதைக் கட்டிக்கொண்டு ஆடிய ஆட்டம்

டென்னிஸ் ஆடுகிறேன் என்று சொன்னால் ஆட்கள் என்னை ஏற இறங்கப் பார்ப்பார்கள். பழவேற்காடு லைட்ஹவுஸ் குப்பம் என்று சேர்த்துச் சொன்னால் சிரித்தே விடுவார்கள். முன்பெல்லாம் இதற்குச் சண்டை போடுவேன். இப்போது சிரித்து முடிக்கும்வரை காத்திருக்கிறேன், அவ்வளவுதான் முன்னேற்றம்.

நான் ஆடக் கற்றது மீன் காய வைக்கிற சிமெண்ட் களத்தில். சுனாமிக்குப் பிறகு ஏதோ ஒரு நிவாரணக் குழு வந்து போட்டுக் கொடுத்த களம் அது. காலையில் நெத்தியும் வாளையும் காயும். மதியத்துக்கு மேல் வாரி எடுத்துவிட்டால் களம் காலி. பள்ளிக்கூடத்துக்கு யாரோ தானமாகக் கொடுத்த ராக்கெட்டுகள் ஒரு மூட்டை வந்தது. சுண்ணாம்பில் கோடு போட்டோம். அண்ணன் கிழிந்துபோன வலையை இரண்டாக மடித்து நடுவில் கட்டினான். அந்த வலையில் பந்து மாட்டினால் எடுக்கக் கத்தரிக்கோல் வேண்டும். பந்தெல்லாம் கருவாட்டு வாசனை அடிக்கும். வெளியூர்ப் போட்டிகளுக்குப் போனபோது புதுப் பந்தை முகர்ந்து பார்த்துவிட்டு, இதில் என்னவோ குறைகிறதே என்று நினைத்திருக்கிறேன்.

களத்துக்குக் கிழக்கே கடல், மேற்கே ஏரி. நடுவில் இருப்பது ஒரு பட்டை மணல். அதில் காற்று நின்ற நேரம் என்று ஒன்று கிடையாது. மதியம் கடற்காற்று, மார்கழியில் வாடை, ஆனி ஆடியில் மணலை வாரி மூஞ்சியில் அடிக்கிற கச்சான் காற்று. பந்தை நேராக அடித்தால் நேராகப் போகாது. காற்று வருகிற பக்கமாகத் தள்ளி அடித்தால்தான் கோட்டுக்குள் விழும். ஊரில் சின்னப் பிள்ளைகூட வாசலுக்கு வந்தவுடன் முகத்தைக் கொஞ்சம் திருப்பி, காதிலும் கன்னத்திலும் காற்றை வாங்கிப் பார்க்கும். நாங்கள் அதைச் செய்கிறோம் என்பதே எங்களுக்குத் தெரியாது. எனக்கும் தெரியாமல்தான் இருந்தது, அந்த ஒரு வாரம் வரும்வரை.

அப்போது எனக்கு இருபத்து நான்கு வயது. ஊர் ஊராக ரயிலேறி, சின்னச் சின்னப் பன்னாட்டுப் போட்டிகளில் ஆடித் தோற்று, இரண்டே இரண்டு போட்டிகளில் மட்டும் புள்ளி எடுத்திருந்தேன். உலகத் தரவரிசையில் பெயர் ஏற வேண்டுமானால் மூன்று போட்டிகளில் புள்ளி வேண்டும். பெயர் ஏறாதவளை எந்தப் போட்டியிலும் நேரடியாகச் சேர்க்க மாட்டார்கள். யாராவது பாவம் பார்த்து இடம் கொடுத்தால் உண்டு. அந்த மூன்றாவது புள்ளிக்காக ஒன்றரை வருடம் அலைந்திருந்தேன்.

வீட்டில் பொறுமை தீர்ந்துவிட்டது. நைனா கோபப்பட்டுப் பேசுகிறவர் இல்லை. ஃபைபர் போட்டில் எஞ்சின் சத்தத்தோடு முப்பது வருடம் இருந்ததால் பேச்சே குறைவு. ஆனால் மீஞ்சூரில் அண்ணன் வேலை செய்கிற கம்பெனிக்கு என்னிடம் சொல்லாமலே போய், அங்கே இருந்த சூப்பர்வைசரைத் திரும்பத் திரும்பப் பார்த்து எனக்கு ஒரு வேலை பேசி வைத்துவிட்டார். நைனா யாரிடமும் போய் நிற்கிற ஆள் இல்லை. மீன் ஏலத்தில் ஒரு வார்த்தை தாழ்த்திப் பேச மாட்டார். அவர் எனக்காக வெள்ளைச் சட்டை போட்டுக்கொண்டு பஸ் ஏறிப் போய் நின்றிருக்கிறார் என்று தெரிந்த பிறகு எப்படி மறுப்பது?

"இந்த ஒரு போட்டி ஆடிட்டு வந்துடறேன் நைனா. ஒரு மேட்ச் ஜெயிச்சா புள்ளி வந்துரும். ஜெயிக்கலன்னா திங்கக்கெழம வேலைக்குப் போறேன்" என்றேன்.

"சரி" என்றார். அவ்வளவுதான்.

அந்தப் போட்டி சென்னைக்கு வெளியே நடந்தது. உலகச் சுற்றில் இரண்டாம் வரிசைப் போட்டி. தொலைக்காட்சியில் வருகிற பெரிய ஆட்டக்காரிகள் வர மாட்டார்கள். அவர்களாக ஆகப் போகிறவர்களும், ஒரு காலத்தில் அவர்களாக இருந்தவர்களும் வருவார்கள். மேலே ஏறுகிறவர்களும் கீழே இறங்குகிறவர்களும் ஒரே மாடிப்படியில் தோள் இடித்துக்கொள்கிற மாதிரி இருக்கும். மழைக்காலம் என்பதால் ஒரு கண்காட்சி அரங்கத்துக்குள் தளம் போட்டிருந்தார்கள். கூரை வைத்த இடத்தில் நான் அதுவரை ஒரு பந்துகூட அடித்ததில்லை. ஒரு தேர்வுப் போட்டியில் ஜெயித்ததால் தகுதிச் சுற்றில் எனக்கு ஓர் இடம் கொடுத்திருந்தார்கள்.

துணைக்கு அண்ணி வந்தாள். அண்ணிக்கு ஆரம்பாக்கம். ஹைவே பக்கம், வயலும் ஏரியும் உள்ள ஊர். கல்யாணமாகி எங்கள் வீட்டுக்கு வந்தபோது எனக்குப் பதினான்கு வயது. எதிரில் நின்று பந்தைத் திருப்பி அடிக்க ஊரில் ஒருத்தியும் கிடைக்காமல் நான் சுவரோடு மல்லுக்கட்டுவதைப் பார்த்துவிட்டு, புடவையைத் தூக்கிச் செருகிக்கொண்டு இறங்கியவள். கால் ஒரு அடி நகராது. கைக்கு எட்டுகிற பந்தை மட்டும் தட்டுவாள், எட்டாததற்கு என்னைத் திட்டுவாள். எங்கள் குடும்பத்தையே கேலி பேசுவதில் அவளுக்கு அலாதி ஆசை.

அரங்கத்துக்குள் நுழைந்ததும் இரண்டு பேரும் வாயைப் பிளந்துகொண்டு நின்றோம். ஊதா நிறத்தில் தளம், மேலே வரிசையாக விளக்கு, வெளியே மழை கொட்டுவதுகூடத் தெரியவில்லை. ஒரு பக்கச் சுவர் நெடுக, ஆளே நுழையலாம் போலிருந்த ஏ.சி. குழாய்கள் தளத்தைப் பார்த்து ஊதிக்கொண்டிருந்தன. அண்ணி முந்தானையைத் தலையோடு போர்த்திக்கொண்டாள்.

"ஐஸ் பொட்டிக்குள்ள மீன வெச்ச மாதிரி வெச்சிகிறாங்கடி நம்மள" என்றாள்.

ஆட்டக்காரிகளை வேடிக்கை பார்த்தேன். பளபளவென்று எல்லாமே புதிதாக இருக்கும் என்று நினைத்திருந்தேன். ஒருத்தி கைகழுவுகிற இடத்தில் காலுறை துவைத்துக்கொண்டிருந்தாள். இன்னொருத்தி தரையில் உட்கார்ந்து வாழைப்பழத்தைத் தின்றபடி, அடுத்த ஊருக்கு எந்த விமானம் என்று போனில் யாரிடமோ சண்டை போட்டாள். பதினேழு வயதுப் பெண் ஒருத்திக்கு அம்மா, அப்பா, பயிற்சியாளர், உடம்பு பிடித்துவிட ஓர் ஆள் என்று ஒரு கூட்டமே பின்னால் வந்தது. மற்றவர்களில் முக்கால்வாசிப் பேர் தனி ஆட்கள். பெட்டி, ராக்கெட் பை, காதில் பாட்டு. அதில் எனக்குக் கொஞ்சம் தைரியம் வந்தது. எனக்காவது அண்ணி இருந்தாள்.

வெள்ளிக்கிழமை பயிற்சிக்குத் தளத்தைப் பகிர்ந்துகொள்ள வேண்டியிருந்தது. எனக்கு ஜோடியாகக் கிடைத்தவள் ஐரோப்பாவில் ஏதோ ஒரு குளிர் தேசத்துக்காரி. முப்பத்து மூன்று வயது என்று பிறகு தெரிந்தது. ஒரு காலத்தில் உலகத்தின் முதல் நூறு பேரில் இருந்தவளாம். இரண்டு முட்டியிலும் பட்டை ஒட்டியிருந்தாள். முகத்தில் ஒரு சிரிப்பு கிடையாது. அவள் அடித்த பந்து ஒவ்வொன்றும் அளந்து வைத்த மாதிரி கோட்டுக்கு ஒரு சாண் உள்ளே விழுந்தது.

நான் அடித்தது ஒன்றும் உள்ளே விழவில்லை.

சர்வ் போட்டால் வெளியே. ஃபோர்ஹேண்ட் வெளியே. பக்கம் மாறி ஆடினோம், அங்கேயும் வெளியே. ராக்கெட்டின் நரம்பு தளர்ந்துவிட்டதோ என்று மாற்றிப் பார்த்தேன். விளக்கு கண்ணைக் கூசுகிறதோ என்று தொப்பி போட்டுப் பார்த்தேன். அவள் முகம் சுளிக்காமல் பக்கத்துத் தளத்துக்கு ஓடிய பந்தையெல்லாம் பொறுக்கிப் பொறுக்கிப் போட்டாள். அந்த மரியாதைதான் எனக்குத் தாங்கவில்லை. அரை மணி நேரம் முடிந்ததும் "நன்றி" என்று இங்கிலீஷில் சொல்லிவிட்டுப் போனாள். பாவம் இந்தப் பெண் என்று நினைத்திருப்பாள்.

சாயங்காலம் யாருக்கு எதிரில் யார் என்று ஒட்டினார்கள். என் பெயருக்கு எதிரில் அவள் பெயர்.

விடுதி அறையில் நான் சுவரைப் பார்த்துப் படுத்துக்கொண்டேன். அண்ணி தூக்குச் சட்டியைத் திறந்துகொண்டே கேட்டாள்.

"ஏண்டி, சர்வ் போடறதுக்கு முன்னாடி அந்த ஏ.சி. பக்கமா ஏன் மூஞ்சத் திருப்பித் திருப்பிப் பாத்தே?"

"நான் எங்க பாத்தேன்?"

"பாத்தே. ஒவ்வொரு வாட்டியும் பாத்தே. உங்க வூட்ல எல்லாருக்கும் அந்த வியாதி கீது. உங்க நைனா சோத்துத் தட்டுல கை வைக்கிறதுக்கு முன்னாடியே காத்து பாப்பாரு. உங்க அண்ணன் தூக்கத்துல பாக்கறாரு. நீ உள்ளார வந்தும் காத்து பாத்துகினு இருந்தே. அப்பால பந்தை அந்தப் பக்கமாவே தள்ளி அடிச்சே. அங்க ஏதுடி காத்து?"

நான் எழுந்து உட்கார்ந்தேன். மனசுக்குள் பந்துகளை ஒவ்வொன்றாக ஓட்டிப் பார்த்தேன். எல்லாமே ஏ.சி. இருந்த பக்கமாகத்தான் வெளியே போயிருந்தன. பக்கம் மாறியபோது அவையும் மாறி, மறுபடி ஏ.சி. பக்கமே போயிருந்தன. கன்னத்தில் சில்லென்று பட்ட காற்றைக் கடற்காற்று என்று எடுத்துக்கொண்டு என் கை தானாகக் கணக்குப் போட்டிருக்கிறது. அந்தக் காற்று என் தோலில் படும், பந்தை ஒரு நூல்கூட அசைக்காது. உலகத்தில் வேறு எந்த ஆட்டக்காரியும் இப்படி ஒரு தப்பைச் செய்திருக்க மாட்டாள்.

"தெரிஞ்சிடுச்சில்ல, நாளைக்கு அந்தப் பக்கம் தள்ளாம நேரா அடி" என்றாள் அண்ணி, ஏதோ குழம்புக்கு உப்புப் போடச் சொல்கிற மாதிரி.

"பத்து வருஷப் பழக்கம் அண்ணி. சொன்னா கேக்குமா கை?"

"அப்போ காதைக் கட்டிக்கோ. வாடைக்கு உங்க ஆளுங்க போட்ல துண்டை இறுக்கிக் கட்டிக்கினு போவலியா? காத்து தெரிஞ்சாத்தானே கை கேக்கும்."

எனக்கு மூக்குக்கு மேல் கோபம் வந்தது. போட்டியை இணையத்தில் நேரலையாகக் காட்டப் போகிறார்கள். ஊரே போனில் பார்க்கப் போகிறது. அத்தனை வெள்ளைக்காரிகளுக்கு நடுவில் தலையில் துண்டைக் கட்டிக்கொண்டு வலை இழுக்கப் போகிறவள் மாதிரி நிற்க வேண்டுமா? "உனக்கு டென்னிஸ் பத்தி இன்னா தெரியும்?" என்று கத்திவிட்டேன். அண்ணி இறால் தொக்கையும் சோற்றையும் என் பக்கம் நகர்த்திவிட்டு, அவள் பாட்டுக்குச் சாப்பிட்டாள். நான் வீம்புக்குச் சாப்பிடாமல் இருந்து, அவள் தூங்கிய பிறகு சாப்பிட்டேன்.

சனிக்கிழமை காலை ஆட்டம். நேராக அடி, நேராக அடி என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டே ஆடினேன். சொல்கிறபோது நேராகப் போகும். ஓட்டத்தில் மறந்தால் உடனே கன்னத்தில் சில்லென்று படும், கை தள்ளும், பந்து வெளியே விழும். யோசித்து அடித்தால் அடிக்கு வேகம் இருக்காது. யோசிக்காமல் அடித்தால் தளத்தில் இருக்காது. முதல் செட் ஆறுக்கு ஒன்று என்று போனது. அந்த ஒன்றும் அவளாகக் கொடுத்தது. இரண்டாவது செட்டில் இரண்டு கேம் தொடர்ந்து போனது. இன்னும் நான்கு கேம் போனால் கம்பெனிப் பேருந்தின் ஜன்னலோர இருக்கை எனக்கு. கம்பெனி வேலை ஒன்றும் கேவலம் இல்லை. என் அண்ணன் அதில்தான் எங்களுக்குச் சோறு போடுகிறான். ஆனால் நான் நன்றாக ஆடித் தோற்றுவிட்டு அங்கே போக நினைத்தேன். ஆடாமலே தோற்றுக்கொண்டிருந்தேன்.

அடுத்த கேமுக்குப் பிறகு பக்கம் மாறும் இடைவேளை. என் சர்வ் என்பதால் அதை எப்படியோ முட்டி மோதிக் காப்பாற்றியிருந்தேன். நாற்காலியில் உட்கார்ந்து நிமிர்ந்து பார்த்தேன். அண்ணி மூன்றாவது வரிசையில் முந்தானையைத் தலையோடு போர்த்திக்கொண்டு நடுங்கிக்கொண்டிருந்தாள். என்னைப் பார்த்ததும் கையை மட்டும் வெளியே எடுத்து, தன் காதைத் தொட்டுக் காட்டினாள். முந்தின இரவு நான் கத்தியதற்கு ஒரு முறைப்புக்கூட அந்த முகத்தில் இல்லை. எனக்கு அவமானமாக இருந்தது. பையைத் துழாவினேன். தூக்குச் சட்டியைச் சுற்றி எடுத்து வந்த அண்ணனின் துண்டு, அவள்தான் வைத்திருக்க வேண்டும், ராக்கெட்டுகளுக்கு அடியில் மடித்துக் கிடந்தது. எடுத்தேன். நெற்றியோடு சுற்றி, இரண்டு காதையும் கழுத்தையும் மூடி, பின்னால் இறுக்கி முடிச்சுப் போட்டேன். அதைக் கட்ட எனக்கு யாரும் கற்றுத் தர வேண்டியதில்லை.

நான் எழுந்து நின்றதும் அந்தக் குளிர்தேசத்துக்காரி அம்பயரிடம் போய்விட்டாள். ராக்கெட்டால் என் தலையைக் காட்டிக் காட்டிப் பேசினாள். ஆட்டத்தின் நடுவில் இப்படியெல்லாம் கட்டிக்கொள்ளலாமா, இது என்ன தந்திரம், என்கிறாள் போலிருந்தது. அம்பயர் போட்டியின் சூப்பர்வைசரைக் கூப்பிட்டார். அவர் வந்து என் தலையை இரண்டு பக்கமும் சுற்றிப் பார்த்தார். தலையில் துணி கட்டக் கூடாது என்று விதி ஒன்றும் இல்லையாம். ஆனால் தீபாவளிக்குக் கடையில் கொடுத்த துண்டு அது. நெற்றிக்கு நேராகத் துணிக்கடையின் பெயர் சிவப்பு எழுத்தில் பெரிதாக இருந்தது. அனுமதி வாங்காத விளம்பரம் தெரியக் கூடாது என்றார் சூப்பர்வைசர், ரொம்பவும் மரியாதையாக. கடைப் பெயர் உள்ளே போகும்படி மடித்து மறுபடி கட்டினேன். பார்வையாளர்களில் யாரோ சிரித்தார்கள். எனக்கு முகமெல்லாம் எரிந்தது. அந்தக் கிழவி என்னை மாட்டிவிடப் பார்த்தாள் என்று அவள்மேல் கொலைவெறி வந்தது. முப்பத்து மூன்று வயதுக்காரியைக் கிழவி என்று நினைத்த வயது எனக்கு.

முதல் பந்து வந்தது. அடித்தேன். எங்கே பார்த்து அடித்தேனோ அங்கே போய் விழுந்தது.

அந்த நிமிடத்தை நான் நன்றாக விவரிக்க வேண்டும், ஆனால் அதில் பெரிதாக ஒன்றும் இல்லை. காதுக்குள் ஒரு மூட்டம். கன்னத்தில் எதுவும் படவில்லை. உடம்பு காற்றைத் தேடிப் பார்த்துவிட்டுக் கிடைக்காததால் பேசாமல் இருந்துவிட்டது. கை அடித்தது, பந்து போனது. இரண்டாவதும் போனது. பத்து வருடத்தில் முதல் முறையாகக் காற்றோடு சண்டை போடாமல் ஒரு பந்தை அடிக்கிறேன் என்று புரிந்தது. இவ்வளவு சுலபமா இந்த ஆட்டம் என்று எனக்கே அதிசயமாக இருந்தது. கடற்காற்றை மீறி அடித்துப் பழகிய தோளில் பலம் நிறைய இருந்தது. அது முழுவதும் இப்போது பந்தில் ஏறியது. அந்தச் செட்டை ஆறுக்கு மூன்று என்று எடுத்தேன்.

கஷ்டம் வேறு வழியில் வந்தது. காதைக் கட்டியதில் ஒன்றும் சரியாகக் கேட்கவில்லை. எதிராளி அடிக்கிற சத்தத்தை வைத்துத்தான் பந்தின் வேகத்தைக் கணிப்போம், அது போயிற்று. அம்பயர் புள்ளி சொல்வதும் கேட்கவில்லை. கோட்டருகே நிற்கிறவர்கள் "அவுட்" என்று கத்துவதும் கேட்கவில்லை, அவர்கள் கை நீட்டுவதைப் பார்த்துத்தான் தெரிந்துகொண்டேன். ஒரு முறை முடிந்துபோன புள்ளிக்கு முழு மூச்சாக ஓடிப் பந்தைத் திருப்பினேன். இன்னொரு முறை, தவறான பக்கத்தில் சர்வ் போட நின்று அம்பயர் கைகாட்டித் திருப்பிவிட்டார். அவள் இடுப்பில் கை வைத்துக்கொண்டு இதையெல்லாம் பார்த்துக்கொண்டிருந்தாள்.

மூன்றாவது செட்டில் அவள் முட்டி மக்கர் பண்ண ஆரம்பித்தது. வலைக்கு அருகே மெல்லத் தட்டிப் போட்டால் அவளால் ஓடி வர முடியவில்லை. முதல் தடவை அப்படிப் போட்டபோது எனக்குச் சங்கடமாக இருந்தது. இரண்டாவது தடவை இருக்கவில்லை. அவளும் லேசுப்பட்டவள் இல்லை. நிற்கிற இடத்தில் நின்றே என்னை மூலைக்கு மூலை ஓட விட்டாள். ஐந்துக்கு ஐந்து வரை வந்தோம். மூச்சு வாங்குவது காதுக்குள் பெரிதாகக் கேட்டது. அவளுடைய சர்வை உடைத்து ஆறுக்கு ஐந்து ஆக்கினேன்.

கடைசி கேம், என் சர்வ். புள்ளி என்ன என்பதைப் பாதியில் தவறவிட்டுவிட்டேன். அம்பயர் முகத்தைப் பார்ப்பதையும் நிறுத்திவிட்டேன். பந்தை மட்டும் பார்த்தேன். ஒரு நீண்ட ஆட்டம். அவள் பேக்ஹேண்டில் ஒன்றை ஓங்கி அடித்தாள். பந்து பின்கோட்டுக்கு அருகில் விழுந்தது, நான் பின்னால் சாய்ந்து திருப்பி அடித்துவிட்டு அடுத்த பந்துக்குக் குனிந்து தயாராக நின்றேன். அடுத்த பந்து வரவில்லை. அவள் ராக்கெட்டைத் தொங்கவிட்டுக்கொண்டு வலையை நோக்கி மெதுவாக நடந்து வந்தாள். மறுபடியும் என்ன புகாரோ என்று நான் அசையாமல் நின்றேன். வலைக்கு மேல் கையை நீட்டினாள். அப்போதும் விளங்காமலே வலையருகே போனேன். அவளே எட்டி, என் காதருகே துண்டைக் கொஞ்சம் விலக்கி, "முடிந்தது. நீ ஜெயித்துவிட்டாய்" என்றாள்.

திரும்பிப் பார்த்தேன். கோட்டருகே நின்ற பெண் இன்னும் கையை நீட்டியபடி இருந்தாள். எதிராளி கடைசியாக அடித்த பந்து வெளியே விழுந்திருக்கிறது. மூன்றாவது வரிசையில் அண்ணி எழுந்து நின்று, ஜெயித்தோமா தோற்றோமா என்று தெரியாமல் பக்கத்தில் இருந்தவரிடம் விசாரித்துக்கொண்டிருந்தாள். எனக்கு அழுகை வந்துவிட்டது. துண்டு தலையில் இருந்தது வசதியாகப் போயிற்று, அவிழ்த்து முகத்தைத் துடைத்தேன்.

மறுநாள் அடுத்த சுற்றில், பின்னால் கூட்டத்தோடு வந்த அந்தப் பதினேழு வயதுப் பெண்ணிடம் ஒரு மணி நேரத்துக்குள் தோற்றேன் என்பதையும் சொல்லிவிடுகிறேன். துண்டு கட்டிக்கொண்டுதான் தோற்றேன். அவள் நிஜமாகவே நன்றாக ஆடினாள்.

ஆனால் சனிக்கிழமைக்கே வருகிறேன். உடை மாற்றும் அறையில் அந்தக் குளிர்தேசத்துக்காரி முட்டியில் ஐஸ் பையை வைத்துக்கொண்டு தனியாக உட்கார்ந்திருந்தாள். அவளைப் பார்க்காத மாதிரி என் பையை எடுத்துக்கொண்டு கிளம்பப் பார்த்தேன். கூப்பிட்டாள். எனக்குத் தெரிந்த இங்கிலீஷுக்கு ஏற்ற மாதிரி மெதுவாகப் பேசினாள். துண்டு எதற்கு என்று கேட்டாள். எங்கள் ஊர், கடல், களம், ஏ.சி. என்று கையையும் ஆட்டி எப்படியோ சொல்லி முடித்தேன். முழுசாகக் கேட்டுவிட்டு முதல் முறையாகச் சிரித்தாள். ரொம்ப நேரம் சிரித்தாள். பிறகு சட்டென்று நிறுத்திவிட்டு, "இன்று கிடைத்த புள்ளியோடு உன் பெயர் தரவரிசையில் வருமா?" என்றாள். வரும் என்றேன்.

"அடுத்த திங்கட்கிழமைப் பட்டியலில் வந்துவிடும். அந்த வாரம் பெங்களூரில் போட்டி. இந்த முட்டியோடு ஒற்றையர் ஆட்டம் இனி எத்தனை நாளைக்கோ தெரியாது. இரட்டையர் ஆடலாம். எனக்கு ஜோடி இல்லை. என்னோடு ஆடிக்கொண்டிருந்தவள் குழந்தை பெற்றுக்கொண்டு போய்விட்டாள். நீ வருகிறாயா?"

நான் பையைத் தோளில் மாற்றிப் போட்டேன். அவள் அவசரமாக, "நான் வலையருகே நிற்பேன். நீ பின்னால் ஓடு. நீ நன்றாக ஓடுகிறாய்" என்றாள். இவ்வளவு பெரிய ஆட்டக்காரி என்னிடம் இப்படிக் கேட்டு நிற்கிறாளே என்று மனசு இளகிவிட்டது. யோசித்துச் சொல்கிறேன் என்று மட்டும் சொல்லிவிட்டு வெளியே வந்தேன்.

அண்ணி வாசலில் போனை நீட்டினாள். நைனா.

"நேரலைல பாத்தேன். உங்க அண்ணன் போட்டுக் காட்டினான்" என்றார். கரையில் நிற்கிறார் போலிருக்கிறது, பின்னால் ஆட்கள் பேசுகிற சத்தம். "தலையில துண்டு கட்டிக்கினு நிக்கிறதைப் பாத்தா நானே ஆடற மாதிரி இருந்துச்சு."

நைனா இத்தனை நீளமாகப் பேசி நான் கேட்டதில்லை. அந்தத் தைரியத்தில் பெங்களூர் விஷயத்தை ஒரே மூச்சில் சொல்லிவிட்டேன். சொல்லி முடித்த பிறகுதான் மீஞ்சூர் நினைவுக்கு வந்தது. ஜெயித்தால் வேலைக்குப் போகத் தேவையில்லை என்று நாங்கள் இரண்டு பேருமே பேசிக்கொள்ளவில்லை. தோற்றால் போகிறேன் என்று மட்டும்தான் பேச்சு. நைனாவும் நான் தோற்பேன் என்று நினைத்துத்தான் சரி என்றிருப்பார்.

"அந்தப் பொண்ணு நல்லா ஆடுதா?" என்று கேட்டார்.

"என்னைவிட நல்லா ஆடும் நைனா."

"அப்போ போ. திங்கக்கெழம நான் மீஞ்சூருக்குப் போயி, அந்த சூப்பர்வைசர்கிட்ட பொண்ணு வராதுன்னு சொல்லிட்டு வந்துடறேன்."

அந்த வேலைக்காக எத்தனை முறை போய் நின்றாரோ அந்த ஆள் முன்னாலேயே போய், இப்போது வேண்டாம் என்று சொல்லப் போகிறார். நானே போய்ச் சொல்கிறேன் நைனா என்றேன்.

"நீ ஏன் போற? கேட்டது நானு" என்றார். "அந்த வெள்ளச் சட்டையைத் துவைச்சு வெக்கச் சொல்லு உங்க அண்ணிய."